மூன்றாம் நாள் 'டி', ஏழாம் நாள் மறுபடியும் 'ஏ': நாய்க்கடிக் காயத்தின் தொடர் சிகிச்சைக்குக் கோட் போடுவது எப்படி?

கேள்வி: வணக்கம் மேடம். மெடிக்கல் கோடிங் (நோயையும் சிகிச்சையையும் பில்லுக்கான கோடுகளாக மாற்றும்) வேலையில் சேர்ந்து ஏழு மாதம் ஆகிறது. அமெரிக்க கிளினிக்குகளின் வெளிநோயாளி சார்ட்டுகளைப் பார்க்கிறேன். ஒரு நாய்க்கடி நோயாளிக்கு நான் போட்ட கோடுகளில் மூன்று வருகைகள் ஆடிட்டில் தவறு என்று திரும்பி வந்துவிட்டன. வலது கையில் கடி. முதல் நாள் எமர்ஜென்சியில் காயத்தைக் கழுவி, தையல் போடாமல் திறந்தே விட்டு, டெட்டனஸ் ஊசி, ரேபிஸ் தடுப்பூசி, இம்யூனோகுளோபுலின் (நேரடியாகச் செலுத்தும் எதிர்ப்பொருள்) எல்லாம் கொடுத்திருக்கிறார்கள். அந்த சார்ட் என்னிடம் வரவில்லை. மூன்றாம் நாள் எங்கள் கிளினிக்கில் புது டாக்டர் பார்த்தார், அதனால் காயக் கோடின் ஏழாவது எழுத்தாக 'ஏ' போட்டேன். ஏழாம் நாள் அதே டாக்டர் கையில் சீழ் கட்டியிருந்ததைக் கீறி எடுத்தார். இரண்டாவது வருகைதானே என்று 'டி' போட்டேன். பதினான்காம் நாள் கட்டைப் பிரித்துக் காயத்தைப் பார்த்து, கடைசித் தடுப்பூசி போட்டார்கள். அதற்கு இசட்48.00 (கட்டு மாற்றும் வருகைக்கான கோட்) போட்டேன். முதல் முறை என்றால் 'ஏ', ஃபாலோ-அப் என்றால் 'டி' என்றுதானே சொல்லிக் கொடுத்தார்கள்? எங்கே தவறுகிறேன் என்றே புரியவில்லை. ஆடிட் முடிவை எதிர்த்து எழுதலாமா?

பதில்:

உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். ஆடிட்டர் மூன்று இடத்தில் சிவப்புப் போட்டிருக்கிறார். ஆனால் உங்கள் தவறு ஒன்றுதான், அதுவே மூன்று இடத்தில் வந்திருக்கிறது. வருகை எத்தனையாவது, டாக்டர் புதியவரா என்று பார்த்துக் கோட் போட்டிருக்கிறீர்கள். அன்றைக்கு அந்தக் காயத்துக்கு டாக்டர் என்ன செய்தார் என்று பார்க்கவில்லை.

'ஏ' என்பதற்குப் புத்தகத்தில் இருக்கும் பெயர் 'இனிஷியல் என்கவுன்ட்டர்'. இந்தப் பெயர்தான் எல்லோரையும் குழப்புகிறது, நானும் குழம்பியிருக்கிறேன். இனிஷியல் என்றதும் முதல் வருகை என்று மனம் போய்விடுகிறது. நோய்க்கும் காயத்துக்கும் கோட் தரும் ஐசிடி-10-சிஎம் தொகுப்பின் கைட்லைனில், காயங்கள் வரும் 19-வது அத்தியாயத்துக்கான பகுதியைத் திறந்து பாருங்கள். காயத்துக்கு முனைப்பான சிகிச்சை நடந்துகொண்டிருக்கும் ஒவ்வொரு வருகைக்கும் 'ஏ'. அந்தச் சிகிச்சை முடிந்து, ஆறிவரும் கட்டத்தில் வழக்கமான கவனிப்புக்காக வந்தால் 'டி'. அதற்கடுத்து இன்னொன்றும் சொல்லியிருப்பார்கள்: நடுவில் டாக்டர் மாறலாம், புது டாக்டர் பார்க்கலாம், ஆனால் ஏழாவது எழுத்தைத் தீர்மானிப்பது முனைப்பான சிகிச்சை நடக்கிறதா என்பதே தவிர, இந்த டாக்டர் முதல் தடவை பார்க்கிறாரா என்பதல்ல. உங்கள் மூன்றாம் நாள் சார்ட்டுக்காகவே எழுதியது போல இருக்கும் அந்த வரி.

இங்கே 'புதிது' என்ற சொல் இரண்டு இடத்தில் இரண்டு பொருளில் வருகிறது. டாக்டர் செய்த வேலைக்குக் கோட் தரும் சிபிடியில் 99202 முதல் 99205 வரை புது நோயாளிக்கான கோடுகள். அந்த டாக்டரோ, அதே குழுவில் அதே பிரிவைச் சேர்ந்த இன்னொரு டாக்டரோ கடந்த மூன்று ஆண்டுகளில் நேரில் பார்க்காதவர்தான் அங்கே புது நோயாளி. அது டாக்டருக்கும் நோயாளிக்கும் உள்ள உறவு. ஏழாவது எழுத்து காயத்தின் நிலை. ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லை. எனவே மூன்றாம் நாள் க்ளெய்மில் (இன்ஷூரன்ஸுக்குப் போகும் பில்லில்) புது நோயாளி கோடும் 'டி' என்று முடியும் காயக் கோடும் பக்கத்தில் பக்கத்தில் இருப்பது முற்றிலும் சரி. அப்படிப் பார்த்ததும் ஏதோ இடிக்கிறதே என்று தோன்றியிருக்கும். ஒன்றோடொன்று ஒத்துப்போகட்டும் என்று காயக் கோடையும் 'ஏ' ஆக்கிவிட்டீர்கள் என்று நினைக்கிறேன்.

சரி, மூன்றாம் நாளை எடுத்துக்கொள்வோம். நீங்கள் அனுப்பிய குறிப்பில் டாக்டர் இப்படி எழுதியிருக்கிறார்: வலது உள்ளங்கையில், பெருவிரல் மேட்டில், இரண்டு பல் குழிகள், சுற்றிலும் சிவப்பில்லை, கசிவில்லை, கட்டு மாற்றப்பட்டது. இது ஆறிவரும் காயத்தின் வழக்கமான கவனிப்பு. எஸ்61.451டி. பெருவிரல் மேடு கையைச் சேர்ந்தது, விரலைச் சேர்ந்ததல்ல. அதனால் எஸ்61.0 பக்கம் போகாமல் எஸ்61.45-ல் நின்றது சரி. 'பங்ச்சர்' என்ற சொல்லைப் பார்த்ததும் துளைக் காயக் கோடுக்கு ஓடாமல் 'ஓப்பன் பைட்' எடுத்ததும் சரி. கடி என்று டாக்டர் எழுதியிருக்கும்போது அதற்கென்றே கோட் இருக்கிறது. கையில் கடி என்று மட்டும் எழுதி, ஆழமா மேலோட்டமா என்று சொல்லாவிட்டாலும் எஸ்61.45-தான் வரும். 'பைட் ஆஃப் ஹேண்ட் என்ஓஎஸ்' (வேறு விவரம் சொல்லாத கைக்கடி) என்று அதன் கீழேயே போட்டிருக்கிறது. மேலோட்டமான கடி என்று டாக்டரே எழுதினால்தான் எஸ்60.57-க்குப் போக வேண்டும்.

நாய் கடித்தது என்பதற்கு டபிள்யூ54.0எக்ஸ்எக்ஸ்டி. காயக் கோடின் ஏழாவது எழுத்து எதுவோ, அதுவே வெளிக்காரணக் கோடுக்கும் வர வேண்டும். எங்கே கடித்தது, என்ன செய்துகொண்டிருந்தபோது கடித்தது என்று சொல்லும் ஒய்92, ஒய்93 கோடுகள் சிகிச்சையின் முதல் வருகையில் ஒரே ஒரு முறைதான். அதை எமர்ஜென்சி சார்ட்டைப் பார்த்த கோடர் போட்டிருப்பார், நீங்கள் போட வேண்டாம்.

அப்புறம் ரேபிஸ். இதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும். உங்கள் மூன்றாம் நாள் டிராஃப்டில் நான் பார்த்து பதறியது ஏழாவது எழுத்தைக் கண்டல்ல. குறிப்பில் 'ரூல் அவுட் ரேபிஸ்' என்று இருந்ததைப் பார்த்து ஏ82.9 என்று எழுதி, பிறகு அடித்திருக்கிறீர்கள். அடித்ததற்கு நன்றி. ஏ82 என்றால் இந்த மனிதருக்கு ரேபிஸ் நோயே வந்துவிட்டது என்று பொருள். அறிகுறி தெரிந்த பிறகு அநேகமாக யாரும் பிழைக்காத நோய் அது. வெளிநோயாளி சார்ட்டில் 'ரூல் அவுட்', 'ப்ராபபிள்', 'சஸ்பெக்டட்' என்று எழுதியிருக்கும் நோய்க்குக் கோட் போடக் கூடாது என்பது கைட்லைனின் நான்காம் பகுதியில் இருக்கிறது. இங்கே பொருந்துவது இசட்20.3, ரேபிஸ் தொற்றுக்கு ஆளானது அல்லது ஆளானதாகச் சந்தேகிப்பது. சந்தேகம் என்பது இந்தக் கோடின் தலைப்பிலேயே இருக்கிறது. கடித்த நாய்க்கு வெறி இருந்ததா என்று நிரூபணமாகும் வரை காத்திருக்கத் தேவையில்லை. யாருடையது என்று தெரியாத நாய், பிடிபடவில்லை, அதனால் தடுப்பூசி தொடங்கினோம் என்று டாக்டர் எழுதியிருக்கிறார். அது போதும். தடுப்பூசிக்காக இசட்23-ஐச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

இசட்20.3-ஐ விட்டுவிட்டால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள். ரேபிஸ் தடுப்பூசி விலை கூடிய மருந்து. அதை ஏன் போட்டார்கள் என்று க்ளெய்மில் சொல்லாவிட்டால் இன்ஷூரன்ஸ் கம்பெனி மறுத்துவிடும், பில் நோயாளியின் வீட்டுக்குப் போகும். நாய் கடித்த பயத்திலிருந்தே இன்னும் வெளிவராத ஒருவர் போனைப் பிடித்துக்கொண்டு மணிக்கணக்கில் பேச வேண்டியிருக்கும். நான் இந்த வேலையில் சேர்ந்த புதிதில் ஒரு கடிக் காயத்துக்கு மூன்று வருகையில் இடது கால் என்றும் நான்காவதில் வலது கால் என்றும் போட்டுவிட்டேன். ஆறாவது இடத்தில் ஓர் எண். க்ளெய்ம் நின்றுபோய், அந்த நோயாளி நான்கு முறை போன் செய்ய வேண்டியிருந்தது என்று பிறகு தெரிந்தது. அன்றிலிருந்து இடது, வலதை டாக்டரின் பரிசோதனைக் குறிப்பிலிருந்து மட்டுமே எடுக்கிறேன், முந்தைய க்ளெய்மிலிருந்து எடுப்பதில்லை.

தடுப்பூசியின் கணக்கையும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள், சார்ட்டில் ஏதாவது விடுபட்டால் கண்ணில் படும். முதல் ஊசி போட்ட நாளை 0 என்று எண்ணி, 0, 3, 7, 14 என நான்கு ஊசிகள். நோய் எதிர்ப்பாற்றல் குறைந்தவர்களுக்கு 28-ம் நாளில் ஐந்தாவது. முன்பே ரேபிஸ் தடுப்பூசி முழுமையாகப் போட்டவர் என்றால் 0, 3 ஆகிய இரண்டு நாள் மட்டும், இம்யூனோகுளோபுலின் கிடையாது. தசையில் போடும் தடுப்பூசிக்கு 90675, அதைப் போடுவதற்கு 90471. இம்யூனோகுளோபுலின் தடுப்பூசி அல்ல, அதனால் அதைச் செலுத்துவதற்கு 90471 வராது, 96372 வரும். அதற்கான காரணத்தைச் சொல்ல இசட்29.14 என்று தனிக் கோடே உண்டு. உங்கள் கிளினிக்கில் இம்யூனோகுளோபுலின் கொடுக்கவில்லை, எனவே இந்த முறை உங்களுக்கு அது வேண்டாம். ஆனால் முதல் நாளில் கிடைக்காமல் போய், ஏழாம் நாளுக்குள் கிளினிக்கில் கொடுக்கும் சார்ட் ஒருநாள் வரும்.

இப்போது ஏழாம் நாள். நீங்கள் 'டி' போட்டதன் பின்னால் ஒரு நம்பிக்கை இருக்கிறது: ஒரு முறை 'டி' ஆகிவிட்டால் மறுபடி 'ஏ' ஆக முடியாது, கடிகாரம் பின்னால் போகாது என்று. காயம் பின்னால் போகும். மூன்றாம் நாள் சுத்தமாக இருந்த குழி ஏழாம் நாள் வீங்கி, தொட்டால் சூடாக, அமுக்கினால் மெத்தென்று இருக்கிறது. டாக்டர் மரத்துப்போகும் ஊசி போட்டுக் கீறி, சீழை எடுத்து, உள்ளே உப்பு நீரால் கழுவி, திரி வைத்து, வேறு ஆன்டிபயாடிக் கொடுத்திருக்கிறார். இது வழக்கமான கவனிப்பா? இல்லை. அந்தக் காயத்துக்கு மறுபடி முனைப்பான சிகிச்சை தொடங்கிவிட்டது. அதனால் எஸ்61.451ஏ. எஸ்61-ன் தலைப்பிலேயே காயத்தில் தொற்று இருந்தால் அதையும் சேர்த்துக் கோட் போடு என்று குறிப்பு இருக்கிறது. எனவே கையில் சீழ்க்கட்டிக்கு எல்02.511. சுற்றியுள்ள சதையிலும் செல்லுலைட்டிஸ் (தோலடித் தொற்று) பரவியிருக்கிறது என்று டாக்டர் எழுதியிருப்பதால் எல்03.113. அது 'வலது மேல் அவயவம்' என்றுதான் இருக்கும், கைக்குத் தனியாகத் தேட வேண்டாம். வெளிக்காரணம் டபிள்யூ54.0எக்ஸ்எக்ஸ்ஏ. மூன்றாவது தடுப்பூசிக்கு இசட்20.3, இசட்23 மறுபடியும். சீழைக் கீறியதற்கு 10060, அதை எல்02.511-டன் இணையுங்கள்.

தொற்று வந்து திரும்பிய காயத்துக்கு 'டி'யே போதும், தொற்றுக் கோட் மீதியைச் சொல்லிவிடும் என்று வாதிடும் கோடர்கள் உண்டு. நான் ஒத்துக்கொள்ளமாட்டேன். கத்தி பட்டது அந்தக் காயத்தின் மேல்தான், ஆறிக்கொண்டிருந்த வேறொன்றின் மேல் அல்ல. உங்கள் கிளையன்ட் இதற்கு எழுத்தில் வேறு விதி வைத்திருந்தால் அதைப் பின்பற்றுங்கள். எழுத்தில் இல்லை என்றால் 'ஏ'யை நியாயப்படுத்தும் வரி டாக்டரின் செய்முறைக் குறிப்பில் தெளிவாக இருக்கிறது.

ஒரு எச்சரிக்கை மட்டும். மூன்றாம் நாள் சார்ட்டிலும் அமாக்ஸிசிலின்-கிளாவுலனேட் மாத்திரை இருந்தது. அதைப் பார்த்து அன்றைக்கே தொற்று என்று போட்டுவிடாதீர்கள். கையில் விழுந்த கடிக்கு, தொற்று வரும் முன்பே தடுப்பாக அந்த மாத்திரையைத் தருவது வழக்கம். பூனைக்கடிக்கும் அப்படித்தான், பூனையின் பல் ஊசி போல மெல்லியது, வெளியே சிறு புள்ளி, உள்ளே ஆழம், அதனால் டாக்டர்கள் காத்திருப்பதில்லை. மருந்தைப் பார்த்து நோயைக் கற்பனை செய்வது கோடரின் வேலை அல்ல. தொற்று என்று டாக்டர் எழுத வேண்டும். எழுதாமல் சிவப்பு, வீக்கம், சீழ் என்று மட்டும் விவரித்திருந்தால் கேள்வி அனுப்ப வேண்டும்.

பதினான்காம் நாளில் இசட்48.00-க்கு நீங்கள் எப்படிப் போனீர்கள் என்று எனக்குத் தெரியும். அகரவரிசைப் பட்டியலில் கட்டு மாற்றுவதைத் தேடியிருப்பீர்கள், அது நேராக அங்கே கொண்டுபோய் விட்டிருக்கும். தையல் பிரிப்பதைத் தேடினாலும் இசட்48.02 என்றுதான் வரும். பட்டியலோடு நிறுத்தாமல் டாபுலரில், அதாவது எண் வரிசையில் இருக்கும் முதன்மைப் பட்டியலில், இசட்48-ன் தலைப்பைப் படியுங்கள். காயத்துக்குப் பிந்தைய கவனிப்பு இங்கே வராது, காயக் கோடையே ஏழாவது எழுத்தோடு போடு என்று எக்ஸ்க்ளூட்ஸ்1 (சேர்த்துப் போடக் கூடாது என்ற) குறிப்பு இருக்கும். ஏழாவது எழுத்து உள்ள காயங்களுக்கு ஆஃப்டர்கேர் இசட் கோடுகள் கிடையாது என்று கைட்லைனும் சொல்கிறது. தொடர் கவனிப்பு என்ற செய்தியை 'டி'யே சொல்லிவிடுகிறது. ஆக எஸ்61.451டி, டபிள்யூ54.0எக்ஸ்எக்ஸ்டி, இசட்20.3, இசட்23.

அன்றைக்கு இன்னொரு விஷயமும் இருக்கிறது, ஆடிட்டர் அதைக் குறிக்கவில்லை, ஆனால் நான் பார்த்தேன். காயத்தைப் பார்த்ததற்கு வருகைக் கோடான 99213 போட்டிருக்கிறீர்கள். 10060-க்கு, அமெரிக்க அரசின் மருத்துவக் காப்பீடான மெடிகேர் கணக்கில் பத்து நாள் குளோபல் பீரியட் உண்டு. ஏழாம் நாள் கீறினார் என்றால் பதினேழாம் நாள் வரை அந்தக் காயத்தின் வழக்கமான பரிசோதனை, கீறிய அதே டாக்டர் செய்தால், ஏற்கெனவே கொடுத்த பணத்துக்குள் அடக்கம். இந்த நோயாளியின் இன்ஷூரன்ஸும் அந்தக் கணக்கையே பின்பற்றுகிறது என்று உங்கள் சார்ட்டில் இருக்கிறது. எனவே 99213 வராது. பதிவுக்காக 99024 போடலாம், அதற்குப் பணம் இல்லை. ஆனால் தடுப்பூசி அந்தச் சீழ்க்கட்டியின் கவனிப்பில் சேராது. 90675, 90471 இரண்டையும் விட்டுவிடாதீர்கள். பலர் குளோபல் என்றதும் மொத்த வருகையையும் ஒதுக்கிவிட்டு ஊசியின் பணத்தையும் கிளினிக்குக்கு இழக்க வைக்கிறார்கள்.

இந்த நோயாளிக்குத் தையல் இல்லை. தையல் போட்ட கடிக் காயம் வந்தால் கணக்கு கொஞ்சம் மாறும். சாதாரணத் தையலான 12001 முதல் 12018 வரையிலானவற்றுக்கு மெடிகேரில் குளோபல் 0 நாள். தையல் பிரிக்கும் வருகைக்கு 2023-ல் வந்த 15853-ஐ வருகைக் கோடோடு கூடுதலாகச் சேர்க்க முடியும். தையல், ஸ்டேப்பிள் இரண்டையும் பிரித்தால் 15854. அடுக்கடுக்காகத் தைக்கும் 12031 முதலானவற்றுக்குப் பத்து நாள். டயக்னோசிஸ் பக்கம் எல்லாவற்றுக்கும் அதே எஸ் கோடும் 'டி'யும்தான். முதலில் திறந்தே விட்ட காயத்தைச் சில நாள் கழித்துத் தைத்தால் அது அறுவைச் சிகிச்சை, 'ஏ'. மாதங்கள் கழித்துத் தழும்பு இழுக்கிறது என்று வந்தால் தழும்புக்கு எல்90.5 முதலில், பிறகு எஸ்61.451எஸ், கடைசி 'எஸ்' பின்விளைவைக் குறிக்கும். மனிதர் கடித்ததென்றால் தற்செயலா தாக்குதலா என்று பிரித்துப் பார்க்க வேண்டும், டபிள்யூ50.3, ஒய்04.1 இரண்டும் வேறு வேறு. அதை நீங்களாக ஊகிக்காதீர்கள், டாக்டர் எழுதியதை எடுங்கள்.

ஐசிடி ஒவ்வோர் அக்டோபர் 1-லும், சிபிடி ஒவ்வொரு ஜனவரி 1-லும் மாறும். நான் சொன்ன எண்களை அந்த வருகை நடந்த தேதியின் புத்தகத்தோடு ஒப்பிட்டுவிட்டுப் போடுங்கள்.

ஆடிட் முடிவை எதிர்த்து எழுதலாமா என்று கடைசியில் கேட்டிருக்கிறீர்கள். மூன்றிலும் ஆடிட்டர் சொன்னது சரி, எழுத வேண்டாம். அதற்குப் பதில் பதினான்காம் நாள் சார்ட்டைத் திரும்ப எடுங்கள். முடிவுரையில் 'செல்லுலைட்டிஸ், வலது கை' என்று இருக்கிறது. பரிசோதனையில் 'சிவப்பில்லை, வீக்கமில்லை, வலியில்லை' என்று இருக்கிறது. ஆன்டிபயாடிக் முந்தின நாளோடு முடிந்துவிட்டது. ஏழாம் நாள் குறிப்பிலிருந்து அந்த வரி அப்படியே ஒட்டிக்கொண்டு வந்தது போலத் தெரிகிறது, ஆனால் போல என்பதை வைத்து எல்03.113-ஐப் போடவும் முடியாது, எடுக்கவும் முடியாது. டாக்டருக்கு இப்படி எழுதுங்கள்: "14-ம் நாள் குறிப்பின் முடிவுரையில் வலது கை செல்லுலைட்டிஸ் என்று உள்ளது. அன்றைய பரிசோதனையில் சிவப்போ வீக்கமோ பதிவாகவில்லை. ஆன்டிபயாடிக் 13-ம் நாளில் முடிந்தது. அன்றைக்கு செல்லுலைட்டிஸின் நிலை என்ன என்று தயவுசெய்து தெளிவுபடுத்தவும்: இன்னும் இருக்கிறது, முழுமையாகக் குணமாகிவிட்டது, வேறு, அல்லது தீர்மானிக்க இயலவில்லை." எந்தப் பதிலையும் நீங்கள் முன்மொழியவில்லை, பார்த்ததை மட்டும் சொல்லியிருக்கிறீர்கள். பதில் வரும்வரை அந்த க்ளெய்மை நிறுத்தி வையுங்கள்.